நான்கு காலும் தரையில்

1952-இல் அமெரிக்காவின் 'லுக்' பத்திரிகைக்காக ஹார்வர்ட் உளவியலாளர் பி.எஃப். ஸ்கின்னர் ஒரு வேடிக்கை செய்து காட்டினார். ஆக்னஸ் என்றொரு டால்மேஷன் நாய். அதன் முன்னால் ஒரு சுவர், சுவரில் ஒன்றன்மேல் ஒன்றாகச் சில கிடைக்கோடுகள். நாயின் தலை ஒரு கோட்டுக்கு மேலே போனால் கேமரா ஃபிளாஷ் மின்னும். உடனே ஒரு இறைச்சித் துண்டு கிடைக்கும். அடுத்த துண்டு வேண்டுமென்றால் இன்னும் கொஞ்சம் மேலே எட்ட வேண்டும். ஏறக்குறைய இருபது நிமிடத்தில் ஆக்னஸ் சுவரில் பாய்ந்து ஏறிக்கொண்டிருந்தது.

நாய்க்குட்டி வந்து சேர்ந்த வீட்டில் முதல் வாரம் நடப்பதும் இதேதான். ஃபிளாஷ் மட்டும் இல்லை. குட்டி முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழும்புகிறது. "என்னைத் தூக்கச் சொல்லுது பாரேன்" என்று அக்கா வாரி எடுத்துக்கொள்கிறாள். மறுநாள் தொடைவரை எட்டுகிறது. அப்பா குனிந்து காதைத் தடவிவிடுகிறார். பள்ளி விட்டு வரும் பையன் மேல் அது ஏறி விழும்போது, கையிலிருக்கும் முறுக்கில் பாதி அதற்குப் போய்ச் சேருகிறது. எட்டு வாரத்தில் நாலைந்து கிலோ இருந்த லாப்ரடார் ஒன்றரை வயதில் முப்பது கிலோவைத் தொடும். அப்போதுதான் வீடு புகார் சொல்லத் தொடங்கும்: "எல்லார் மேலயும் பாயுது." நாயின் கணக்கில் புதிதாக எதுவும் நடந்துவிடவில்லை. கற்றுக்கொடுத்ததைத்தான் அது செய்கிறது, கூடுதல் எடையோடு.

ஆகவே புது நாயை வீட்டில் சேர்ப்பதும், அது மேலே பாயாமல் பழக்குவதும் தனித்தனி வேலைகள் அல்ல. முதலில் செல்லம், ஆறு மாதம் கழித்துப் பயிற்சி என்று பிரித்து வைத்துக்கொள்ளும் வீடுகளில்தான் சிக்கல் வருகிறது. நாய் படியேறிய முதல் மணி நேரத்திலேயே பாடம் ஆரம்பமாகிவிடுகிறது. யார் நடத்துவது, என்ன நடத்துவது என்பதை வீட்டார் முன்கூட்டியே முடிவு செய்திருக்க வேண்டும். இந்த அத்தியாயத்தில் பாதிக்கு மேல் மனிதர்களுக்கான பயிற்சிதான்.

நாய் ஏன் பாய்கிறது? முகத்தை எட்டுவதற்காக. ஓநாய்க் கூட்டத்தில் வேட்டையிலிருந்து திரும்பும் பெரியவற்றின் வாயைக் குட்டிகள் நக்கும். நக்கினால் அவை இரையைக் கக்கிக் கொடுக்கும். நாய்களிடம் அந்த நக்கல் வரவேற்பாகவும் பணிவாகவும் மிஞ்சியிருக்கிறது. இன்னொரு நாயின் வாய் அதன் உயரத்திலேயே இருக்கிறது. மனிதரின் வாயோ ஐந்தடி உயரத்தில். எட்டிப் பார்ப்பதைத் தவிர அதற்கு வேறு வழியில்லை.

இதை 'ஆதிக்கம் காட்டுகிறது', 'நம்மைவிடத் தான் பெரியது என்று நினைக்கிறது' என்று விளக்குபவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அந்த விளக்கத்தின் வேர், அடைத்து வைக்கப்பட்ட ஓநாய்களைப் பார்த்து ருடால்ஃப் ஷென்கல் 1947-இல் எழுதிய ஆய்வு. அதைப் பரப்பிய நூல்களில் ஒன்று டேவிட் மெக் எழுதியது. பின்னாளில் காட்டு ஓநாய்களோடு பல கோடைகள் கழித்த அதே மெக், கூட்டம் என்பது பெரும்பாலும் தாய், தகப்பன், பிள்ளைகள் கொண்ட குடும்பமே என்று 1999-இல் எழுதினார். தன் பழைய நூலை இனி அச்சிட வேண்டாம் என்று பதிப்பகத்தைக் கேட்டுக்கொண்டார். எழுதியவரே கைவிட்ட கருத்தை வாசலில் வாலாட்டும் குட்டிமேல் ஏற்றத் தேவையில்லை.

அதற்காகப் பாய்வதைச் சும்மா விட்டுவிடவும் முடியாது. அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு மையம் 2001 முதல் 2006 வரையிலான மருத்துவமனைப் பதிவுகளை ஆராய்ந்தபோது, நாய் பூனைகளால் விழுந்து காயப்பட்டவர்கள் அந்த நாட்டில் ஆண்டுக்குச் சராசரியாக 86,000-க்கும் மேல் என்று தெரிந்தது. அவற்றில் 88 விழுக்காடு நாய்களால் நேர்ந்தவை. நம் வீடுகளில் வழவழப்பான டைல்ஸ் தரை, கால்வரை தொங்கும் புடவை, வாசலில் இரண்டு படி, எழுபது வயது தாண்டிய பாட்டி ஆகிய நான்கும் ஒன்றாக இருக்கும். அந்த வயதில் இடுப்பு எலும்பு முறிந்தால் என்ன ஆகும் என்பது எல்லோருக்கும் தெரியும்.

முதலில் நாளைத் தேர்ந்தெடுக்க வேண்டும். தீபாவளியை ஒட்டிய இரண்டு வாரங்கள் கூடவே கூடாது. வெடிச்சத்தத்தில் வீட்டை அறிமுகம் செய்துகொள்ளும் நாய்க்கு அந்தப் பயம் நெடுநாள் ஒட்டிக்கொள்ளும். பிறந்தநாள், கிரகப்பிரவேசம், உறவினர் கூடும் விசேஷம் எதிலும் நாயைப் பரிசாக இறக்கக் கூடாது. வீட்டில் யாராவது ஒருவர் தொடர்ந்து மூன்று நாள் இருக்கக்கூடிய வார இறுதியே சரி.

எங்கிருந்து வருகிறது என்பதும் முக்கியம். எட்டு வாரம் நிறையாத குட்டியை விற்கக் கூடாது என்று 2017-ஆம் ஆண்டின் நாய் இனப்பெருக்க, விற்பனை விதிகள் சொல்கின்றன. தாயிடமும் கூடப்பிறந்தவற்றிடமும் இருக்கும் அந்த வாரங்களில்தான் எவ்வளவு கடித்தால் வலிக்கும், எவ்வளவு முட்டினால் எதிரி விலகிப்போகும் என்பதைக் குட்டி கற்கிறது. அமெரிக்காவின் பார் ஹார்பரில் ஜான் பால் ஸ்காட்டும் ஜான் ஃபுல்லரும் பல ஆண்டுகள் நடத்திய ஆய்வு 1965-இல் நூலாக வந்தது. மூன்றாவது வாரத்திலிருந்து பன்னிரண்டாவது வாரம் வரை குட்டி எதைப் பார்த்தாலும் எளிதில் பழகிக்கொள்ளும் என்பது அதன் முக்கியமான முடிவுகளில் ஒன்று. ஆனால் அதே வாரங்களில்தான் தடுப்பூசியும் முழுமையடையாமல் இருக்கிறது. தெருவில் பார்வோ வைரஸ் காத்திருக்கிறது. இரண்டுக்கும் இசைவாக ஒரு வழி இருக்கிறது. குட்டியைத் தரையில் விடாமல் தோளில் சுமந்து தெருமுனைவரை போய்வருவது. பால் வண்டி, இஸ்திரிக்காரர், தலைக்கவசம் போட்டவர், குடை பிடித்தவர் எல்லாரையும் அது பார்த்துவிடும். தடுப்பூசித் தொடர் ஆறு முதல் எட்டு வாரத்தில் தொடங்கி மூன்று நான்கு வார இடைவெளியில் பதினாறாவது வாரம்வரை போகும். ரேபிஸ் ஊசி பொதுவாக மூன்றாம் மாதத்தில்.

குட்டிதான் வேண்டும் என்றில்லை. சென்னையில் இயங்கும் புளூ கிராஸ் போன்ற காப்பகங்களில் வளர்ந்த நாட்டு நாய்கள் வீடு தேடிக் காத்திருக்கின்றன. அவற்றின் உடல்வாகும் பழக்கமும் ஏற்கெனவே கண்ணுக்குத் தெரியும் என்பது பெரிய வசதி. அதே நேரம், காப்பகத்துக் கம்பிக் கதவில் முன்னங்காலை வைத்து எழும்பினால்தான் ஊழியர் திரும்பிப் பார்ப்பார் என்று அது கற்றிருக்கலாம். அந்தப் பழக்கம் வீடுவரை வரும். ராஜபாளையம், சிப்பிப்பாறை, கன்னி போன்ற வேட்டை நாய்களைக் கொண்டுவருபவர்கள் இன்னொன்றையும் நினைவில் வைக்க வேண்டும்: அவற்றுக்குக் கால் நீளம். முழுதாக வளர்ந்த ராஜபாளையம் நாய் எழுந்து நின்றால் பெரியவரின் தோளை எட்டிவிடும்.

நாய் வருவதற்கு முந்தைய இரவு வீட்டில் ஒரு சின்னக் கூட்டம் போட வேண்டும். முடிவாக வேண்டிய செய்திகள் மிகச் சில. நாய் மேலே ஏறினால் யாரும் தொடக் கூடாது, பேசக் கூடாது, பார்க்கக் கூடாது. தாத்தாவுக்கும் இதில் விலக்கு இல்லை. நாலு காலும் தரையில் இருந்தால் மட்டும் கவனிப்பு. அப்புறம் சொற்கள். தமிழ் வீடுகளில் நாயிடம் மட்டும் எல்லோரும் ஆங்கிலம் பேசுவது ஏனோ வழக்கமாகிவிட்டது. 'சிட்' என்றாலும் 'உட்கார்' என்றாலும் நாய்க்குக் கவலையில்லை. ஆனால் அம்மா ஒன்றும் மகள் வேறொன்றுமாகச் சொன்னால் அது குழம்பும். ஒரு சொல்லை முடிவுசெய்து குளிர்சாதனப்பெட்டிக் கதவில் ஒட்டிவைத்தால் போதும்.

வாங்கி வைக்க வேண்டியவையும் குறைவுதான். சரியான அளவில் கழுத்துப்பட்டை அல்லது உடலில் மாட்டும் ஹார்னஸ், ஆறடிக் கயிறு, இரண்டு கிண்ணம், ஒரு பழைய ஜமுக்காளம் அல்லது பாய், கடிக்க ஏதாவது. ஓர் அறைக் கதவில் போடுவதற்கு ஒரு சிறிய தடுப்புக் கதவு இருந்தால் பாதிப் பிரச்சினை தீரும். பயிற்சிக்கான தீனி வீட்டிலேயே இருக்கிறது: உப்பும் மசாலாவும் போடாமல் வேகவைத்த கோழி, வெந்த முட்டை, கேரட். ஒவ்வொரு துண்டும் சுண்டுவிரல் நகத்தளவுக்கு மேல் வேண்டாம். அன்றைய சாப்பாட்டில் அந்த அளவைக் குறைத்துவிடலாம். பாயசத்து உலர்திராட்சை, வெங்காயம் போட்ட சாம்பார்ச் சாதம், சாக்லெட் மூன்றும் நாய்க்கு நஞ்சு. முதல் நாள் பாசத்தில் ஊட்டப்படுவதும் பெரும்பாலும் இவைதான்.

வந்த அன்று செய்யக்கூடிய மிகப் பெரிய உதவி, கூட்டம் சேர்க்காமல் இருப்பது. வண்டியை விட்டு இறங்கியதும் நேரே கூடத்துக்குள் கொண்டுபோகாமல், சிறுநீர் கழிக்க எந்த இடமோ அங்கே கயிற்றோடு நிறுத்தி, அவசரப்படாமல் முகர விட வேண்டும். இன்னும் ஊசி முடியாத குட்டி என்றால் சொந்தத் தோட்டமோ மொட்டைமாடியோ சரி. அதன் பிறகு கயிறு கையில் இருக்க, உள்ளே. பக்கத்து வீட்டுக் குழந்தைகள் நாளை மறுநாள் வரலாம்.

வீட்டார் ஒருவர் பின் ஒருவராக அறிமுகமாவது நல்லது. முகத்துக்கு நேராகக் குனிந்து தலையைத் தட்டுவது நாய்க்குப் பிடிக்காது. பயந்த நாய்க்கு அது மிரட்டலாகத் தெரியும். பக்கவாட்டில் திரும்பித் தரையில் உட்கார்ந்து, தீனியை நாயின் காலருகே போட வேண்டும். வாயில் ஊட்ட வேண்டாம், கையை உயர்த்திக் காட்ட வேண்டாம். கை மேலே போனால் நாயும் மேலே போகும். இது முதல் மணி நேரத்திலேயே பதிந்துவிடும் பாடம். உபசாரமெல்லாம் தரைமட்டத்தில் நடந்தால் நாயின் கண்ணும் தரையை நோக்கியே பழகும். குக்கர் விசில், மிக்சி, ஃபிளஷ் சத்தம் எல்லாவற்றையும் முதல் நாளே அதற்கு அறிமுகப்படுத்திவிட வேண்டும் என்ற அவசியமும் இல்லை. சமையலறைக்குத் தள்ளி இருக்கும் ஒரு மூலையில் பாயை விரித்துவிட்டால் அது போய்ப் படுத்துக்கொள்ளும். படுத்த நாயை எழுப்பக் கூடாது என்பது குழந்தைகளுக்கான முதல் சட்டம்.

இனிப் பயிற்சி. வாசலில்தான் பாய்ச்சல் அதிகம் என்பதால் வாசலில்தான் பயிற்சியும் நடக்க வேண்டும், அதுவும் விருந்தாளி இல்லாத நேரத்தில். மாலையில் வீட்டார் ஒருவர் பத்துத் துண்டு தீனியோடு வெளியே போய், அரை நிமிடத்தில் திரும்பி வருகிறார். கதவு திறந்ததும் நாய் எழும்பினால் ஒரு வார்த்தையும் பேசாமல் மறுபடி வெளியே போய்க் கதவைச் சாத்திக்கொள்கிறார். எழும்பாமல் நின்றால், அந்த நொடியிலேயே ஒரு துண்டு நாயின் முன்னங்கால்களுக்கு நடுவே விழுகிறது. குனிந்து தின்னும் நாயால் அதே சமயம் எழும்பிப் பாய முடியாது. மூன்றாவது, நாலாவது தடவையிலேயே வரவேற்பின் சூடு தணிவதைப் பார்க்கலாம். அரை நிமிடத்துக்கு ஒருமுறை திரும்பி வருபவரை எத்தனை முறைதான் கொண்டாடுவது? பத்துத் துண்டும் தீர்ந்ததும் நிறுத்திவிட வேண்டும். இதை நாளுக்கு இரண்டு வேளை, ஆளை மாற்றி மாற்றிச் செய்ய வேண்டும். அப்பா செய்தால் மட்டும் போதாது. அப்பாவிடம் மரியாதையாக நின்று அம்மாமேல் பாயும் நாய்கள் ஏராளம்.

நேரம்தான் இதில் உயிர். காலைக் கீழே இறக்கியபின் பையைத் தேடி, பொட்டலத்தைப் பிரித்து, துண்டை எடுப்பதற்குள் நாய் மறுபடி எழும்பியிருக்கும். கூலி அந்த எழும்பலுக்குப் போய்ச் சேரும்.

சில நாளில் இதன்மேல் 'உட்கார்' என்பதை ஏற்றலாம். துண்டை மூக்குக்கு நேராக வைத்து மெல்லத் தலைக்குப் பின்னால் நகர்த்தினால் பின்புறம் தானாகத் தரையைத் தொடும். உட்கார்ந்தால் கதவு திறக்கும், உட்கார்ந்தால் சாப்பாட்டுக் கிண்ணம் இறங்கும், உட்கார்ந்தால் கழுத்தில் கயிறு மாட்டப்படும் என்று நாள் முழுக்க நடக்கும் காரியங்களோடு அதைக் கோத்துவிட வேண்டும். வேண்டியதைக் கேட்பதற்குப் பாய்வதைவிட உட்காருவதுதான் விரைவான வழி என்பது நாய்க்குத் தெரிந்துவிட்டால், அதுவே வந்து முன்னால் உட்கார்ந்து முகத்தைப் பார்க்கும்.

இங்கே ஓர் எச்சரிக்கை. இதுவரை பாய்ந்து பாய்ந்து பலன் கண்ட நாயிடம் திடீரென்று கவனிப்பை நிறுத்தினால், முதல் சில நாள் அது முன்னைவிட மோசமாகப் பாயும். லிஃப்ட் வரவில்லையென்றால் பொத்தானை விட்டு விட்டு இன்னும் பலமாக அழுத்துகிறோமே, அதேதான். வழி பலிக்கவில்லை என்று பெரும்பாலான வீடுகள் கைவிடுவது சரியாக இந்தக் கட்டத்தில்தான். கைவிட்டால் நாய் கற்கும் பாடம், 'இன்னும் பலமாகப் பாய வேண்டும்' என்பது.

இன்னொரு ஆபத்து மாமா. எல்லா வீட்டிலும் ஒருவர் இருப்பார். நாய் இரண்டு காலையும் சட்டையில் வைத்துச் சேறாக்கினாலும் "பரவாயில்ல விடுங்க, எனக்கு நாய்னா உசுரு" என்பார். ஸ்கின்னரும் சார்ல்ஸ் ஃபெர்ஸ்டரும் சேர்ந்து 1957-இல் வெளியிட்ட பெருநூல் முழுக்க இந்த மாமாவைப் பற்றியது என்றே சொல்லிவிடலாம். எப்போதும் கிடைக்கும் பலனைவிட, எப்போதாவது கிடைக்கும் பலன்தான் பழக்கத்தை இறுகப் பிடித்து வைக்கும். பத்துப் பேர் முகம் திருப்பி ஒருவர் கொஞ்சினாலும், பன்னிரண்டாவது ஆளிடமும் முயன்று பார்க்கலாம் என்றுதான் நாய்க்குத் தோன்றும். மாமாவைத் திருத்த முடியாது. அவர் வரும்போது நாயைக் கயிற்றில் பிடித்துக்கொள்ளலாம்.

கயிற்றுக்கும் ஒரு முறை இருக்கிறது. நாய் வசதியாக நிற்கவும் உட்காரவும் இடம் விட்டு, எழும்பினால் மட்டும் இறுகும் அளவுக்குக் கயிற்றைத் தரையில் காலால் மிதித்துக்கொள்ள வேண்டும். சுண்டி இழுக்கக் கூடாது. விருந்தாளி நாலடி தள்ளி நிற்கட்டும். நாய் நின்றால் ஓரடி முன்னே, எழும்பினால் இரண்டடி பின்னே. வருபவரிடம் இதைப் படியிலேயே சொல்லிவிட வேண்டும். உள்ளே வந்தபின் சொன்னால் யாரும் கேட்பதில்லை. ஒத்துழைக்க நேரமில்லாத கூரியர்காரர், காஸ் சிலிண்டர் கொண்டுவருபவர், ஓட்டுக் கேட்க வருகிறவர்கள் ஆகியோருக்குப் பயிற்சியே வேண்டாம். நாய் தடுப்புக் கதவுக்குப் பின்னால் இருக்கட்டும், அவ்வளவுதான். பாயாமல் பழக்குவதில் பாதி, பாய வாய்ப்பே தராதது.

அழைப்பு மணி தனிக்கதை. சில வாரங்களில் மணிச்சத்தமே நாயைக் கிளப்பிவிடும். பாவ்லோவின் நாய்களுக்கு அடையாள ஒலி கேட்டதும் எச்சில் ஊறியதைப் போல, இதற்குக் கால் துள்ளும். அந்தத் தொடர்பை மாற்றிக் கட்டலாம். யாரும் வராதபோதே வீட்டில் ஒருவர் மணியை அடிக்க, இன்னொருவர் உடனே கூடத்து மூலையில் விரித்த பாயில் நாலு துண்டு தீனியைத் தூவுகிறார். கதவு திறப்பதே இல்லை. நாளொன்றுக்கு ஏழெட்டுத் தடவை என்று சில வாரம் போனால், மணி அடித்ததும் நாய் கதவை விட்டுப் பாய்க்கு ஓடும்.

குழந்தைகளுக்கு வேறு பாடம். அவர்கள் கத்துவதும் கையை வீசுவதும் ஓடுவதும் நாய்க்கு விளையாட்டு அழைப்பு. நாய் மேலே வந்தால் கையைக் கட்டிக்கொண்டு, தரையைப் பார்த்து அசையாமல் நிற்கப் பழக்க வேண்டும். மரமாக நிற்கும் விளையாட்டு என்று சொன்னால் நாலு வயதுப் பிள்ளைக்கும் புரியும். அதற்காகப் பெரியவர்கள் பக்கத்தில் இல்லாமல் இரண்டையும் தனியே விடலாம் என்று அர்த்தமில்லை.

பழைய ஆட்கள் சொல்லும் வைத்தியங்களில் முழங்காலால் நெஞ்சில் இடிப்பது, பின்னங்காலை மிதிப்பது, செய்தித்தாளைச் சுருட்டி மூக்கில் அடிப்பது ஆகியவை இன்னும் புழக்கத்தில் இருக்கின்றன. பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தில் மெகன் ஹெரனும் சகாக்களும் 2009-இல் வெளியிட்ட ஆய்வில், நடத்தைச் சிக்கலோடு மருத்துவமனைக்கு வந்த நாய்களின் உரிமையாளர்களிடம் அவர்கள் கையாண்ட வழிகளையும் நாய் காட்டிய எதிர்வினையையும் கேட்டார்கள். அடித்தோ உதைத்தோ பார்த்தவர்களில் 43 விழுக்காட்டினர், நாய் பதிலுக்குச் சீறியது அல்லது கடிக்க வந்தது என்றார்கள். வரவேற்க வந்த நாயை இடித்துத் தள்ளினால், வாசலில் மனிதர் வருவது வலியோடு சேர்ந்து பதியும். பாய்ச்சல் நின்றாலும் நிற்கலாம். அந்த இடத்தில் உறுமல் வந்து உட்காரும்.

ஆள் நடமாட்டம் ஓயாத வீட்டில் புது நாய் படும் பாட்டுக்கு உலகறிந்த உதாரணம் வெள்ளை மாளிகை. ஜோ பைடன் 2018-இல் டெலவேர் காப்பகம் ஒன்றிலிருந்து தத்தெடுத்த மேஜர் என்ற ஜெர்மன் ஷெப்பர்ட், 2021 ஜனவரியில் அங்கே குடிபோனது. மார்ச் மாதத்திலேயே ஒருவரைக் கடித்ததால் டெலவேருக்குத் திருப்பி அனுப்பப்பட்டது. கடைசியில் குடும்ப நண்பர்களிடம் போய்ச் சேர்ந்தது. அதே ஆண்டு டிசம்பரில் குட்டியாக வந்த கமாண்டர் விஷயத்தில், 2022 அக்டோபர் முதல் 2023 ஜூலை வரை பாதுகாப்புப் பிரிவினரைக் கடித்த சம்பவங்கள் குறைந்தது 24 என்று பின்னர் வெளியான ஆவணங்கள் சொல்கின்றன. அதுவும் மாளிகையை விட்டு வெளியேற்றப்பட்டது. பாய்வதும் கடிப்பதும் வேறு வேறு. ஆனால் நல்ல பயிற்சியாளரை அமர்த்த வசதியுள்ள வீட்டிலேயே இப்படி நடந்தது என்பதைக் கூட்டுக்குடும்பத்தில் நாய் வளர்க்க நினைப்பவர்கள் யோசிக்க வேண்டும். ஆட்கள் வந்துபோகும் வழியிலிருந்து விலகிப் படுக்க நாய்க்கு ஓர் இடம் இருக்கிறதா என்பதுதான் முதல் கேள்வி.

வீட்டில் ஏற்கெனவே ஒரு நாய் இருந்தால் இரண்டின் முதல் சந்திப்பு வீட்டுக்குள் நடக்கக் கூடாது. தெருவில், ஆளுக்கொரு நாயாக, பத்தடி இடைவெளியில் ஒரே திசையில் நடக்க வேண்டும். கயிறு தளர்வாக இருக்கட்டும். உடல் இளகி, மண்ணை முகர்ந்துகொண்டு நடந்தால் இடைவெளியைக் குறைக்கலாம். பின்பு சேர்ந்தே உள்ளே போகலாம். கிண்ணங்களை வெவ்வேறு அறையில் வைப்பதும், பழைய நாயின் படுக்கையும் பொம்மையும் அதற்கே என்று விடுவதும் நெடுநாளைக்கு நல்லது. மேலே மேலே ஏறும் குட்டியைப் பார்த்துப் பெரியது ஒரு தடவை உறுமினால் அதை அதட்டக் கூடாது. அது நடத்துவதும் இதே பாடம்தான், இன்னும் தெளிவாக.

பூனைக்கு அவசரம் ஆகவே ஆகாது. லண்டன் டவுனிங் தெருவில் 2011-இல் பாட்டர்சீ காப்பகத்திலிருந்து வந்த லாரி என்ற பூனை 10-ஆம் எண் வீட்டில் இருக்க, அடுத்த ஆண்டு 11-ஆம் எண்ணுக்கு நிதியமைச்சரின் பூனை ஃப்ரேயா வந்தது; இரண்டும் தெருவிலேயே கட்டிப் புரண்டது நாளிதழ்களில் செய்தியானது. இரண்டு பூனைகளுக்கே இந்தக் கதி. நாய் இருக்கும் வீட்டில் பூனை வருகிறது என்றால் முதல் சில நாள் அதற்குத் தனியறை, தனி மணல் தட்டு. நாய் படுத்த துணியைப் பூனை அறையிலும், பூனை படுத்ததை நாயின் பாயிலும் போட்டு வாசனையை மாற்றிக்கொடுக்க வேண்டும். பிறகு மூடிய கதவின் இருபுறமும் இரண்டுக்கும் ஒரே வேளையில் சாப்பாடு. பின்பு தடுப்புக் கதவு வழியாகப் பார்வை. நாய் கயிற்றில் இருக்க, பூனை ஏறி உட்கார பீரோ மேலோ பரண் மேலோ ஓர் இடம் இருக்க, ஒரே அறையில் இரண்டு மூன்று நிமிடம். கூப்பிட்டால் நாயால் பூனையிடமிருந்து பார்வையைத் திருப்ப முடிகிறதா என்று பார்க்க வேண்டும். முடிந்தால் துண்டு தீனி, அடுத்த நாள் இன்னும் ஒரு நிமிடம். உறைந்து போய் வெறித்துப் பார்க்கிறது என்றால் மூடிய கதவுக்கே திரும்ப வேண்டும். இதற்குச் சில வாரங்கள் ஆகும்; சில வீடுகளில் மாதங்கள்.

அடுக்குமாடிக் குடியிருப்பில் பயிற்சி மின்தூக்கியிலும் தொடர வேண்டும். செல்லப்பிராணிக்கு ஒட்டுமொத்தத் தடை போட குடியிருப்போர் சங்கத்துக்கு உரிமையில்லை என்பது இந்திய விலங்குகள் நல வாரியத்தின் வழிகாட்டுதல். ஆனால் கூச்ச சுபாவமுள்ள அண்டை வீட்டுக்காரர் மேல் ஒருமுறை பாய்ந்துவிட்டால், சுற்றறிக்கையைக் காட்டி அவர் மனத்தை மாற்ற முடியாது. மின்தூக்கியின் மூலையில் சுவரோரம் நாயை உட்காரவைத்து, கதவு திறக்கும் ஒவ்வொரு தடவையும் கீழே ஒரு துண்டு போட்டால் அதுவே பழகிக்கொள்ளும். நாய்க்கு மாநகராட்சி உரிமமும் ரேபிஸ் தடுப்பூசிச் சான்றும் கைவசம் இருக்க வேண்டும்.

பாய்ந்ததில் நகம் பட்டுக் கீறினால், சொந்த நாய்தானே என்று விட்டுவிடக் கூடாது. ரேபிஸால் உலகில் நேரும் மரணங்களில் மூன்றில் ஒரு பங்கு அளவுக்கு இந்தியாவில்தான் என்று உலக சுகாதார நிறுவனம் மதிப்பிடுகிறது. கீறலைச் சோப்புப் போட்டு ஓடும் தண்ணீரில் பதினைந்து நிமிடம் கழுவிவிட்டு, அதே நாளில் மருத்துவரிடம் காட்ட வேண்டும். புதிதாக வந்து ஊசிகள் முடியாத நாய் என்றால் கேள்வியே இல்லை.

ஆறு மாதத்துக்கும் ஒன்றரை வயதுக்கும் நடுவே, கற்றதெல்லாம் மறந்ததுபோல நாய் மறுபடி பாயத் தொடங்குவது சகஜம். அது இளமைப் பருவம். முதல் வாரத்து வாசல் பயிற்சியை அப்படியே திரும்பச் செய்தால் போதும். காலையில் வெயில் ஏறுமுன் ஒரு நீண்ட நடை, விருப்பம்போல் முகர விடும் நடை, மாலை விருந்தாளியின் சட்டையைக் காப்பாற்றும். ஆனால் பாயும்போது உடல் விறைத்து, வால் அசையாமல் நின்று, உறுமலோ கடியோ சேர்ந்து வந்தால் அது வரவேற்பு அல்ல. வலியோ பயமோ காரணமாக இருக்கலாம். முதலில் கால்நடை மருத்துவரிடம்தான் போக வேண்டும். அதன் பிறகு பயிற்சியாளரைத் தேடும்போது அவரிடம் ஒரே ஒரு கேள்வி கேட்கலாம்: "நாய் மேல பாஞ்சா நீங்க என்ன செய்வீங்க?" முழங்கால், முள்பட்டை, மின்னதிர்ச்சிப் பட்டை என்று பதில் வந்தால், காபி கொடுத்து அனுப்பிவிடலாம்.